மீன்கொத்திக்குள் இருந்தது யார்?

அத்தியாயம் ஒன்பது

ஒரு பெண்ணைத் திருடி என்று பேஸ்புக்கில் ஊருக்கே சொல்லிவிட்டு, அதே பெண்ணை "சாயந்தரம் ஷோவுக்கு லேட் ஆக்காம வந்துடும் பிள்ளை" என்று வாட்ஸ்அப்பில் கூப்பிடுகிற ஆளை என்ன செய்யலாம்?

காமினிக்குத் தோன்றிய நாலைந்து வழிகளில் ஒன்றுகூடச் சட்டத்துக்கு ஒத்துவராது. அதனால் பல்லைக் கடித்துக்கொண்டு மீன்கொத்தி ஷோ நடக்கும் மண்டபத்தின் பின்படிக்கட்டில் உட்கார்ந்திருந்தாள். ஏர்கண்டிஷன் எல்லாம் டிக்கெட் வாங்கியவர்கள் வரும் முன்பக்கத்துக்குத்தான். பின்பக்கத்தில் ஜார்ஜ்டவுன் வெயில் சுவரைத் தாண்டி உள்ளே வந்து உட்கார்ந்திருந்தது.

சாதிக் இரண்டு பிளாஸ்டிக் பையில் ஐஸ் கோப்பியை ஆட்டிக்கொண்டு ஏறி வந்தான். சூலியா தெருவில் அவன் வாப்பாவுக்கு நாசி கண்டார் சோற்றுக்கடை. அதே வரிசையில், ஒரு நாணயமாற்றுக் கடைக்கு மேல்மாடியில் காமினியின் துப்பறியும் ஆபீஸ். குடும்பத்தில் முதல் பட்டதாரி. அந்தப் பட்டத்தை வைத்துக்கொண்டு செய்கிற வேலை இது. வீட்டில் இன்னும் யாரும் அவளை முழுதாக மன்னிக்கவில்லை.

"குடிங்க அக்கா. மூஞ்சிய பாத்தா கோப்பியே கொதிச்சிரும் போல."

"வீடியோ கிடைச்சுச்சா?"

"காவலுக்கு நிக்கிற ஜாகா ஜெயராஜ் அண்ணன் முதல்ல முடியாதுன்னாரு. ரூல்ஸுன்னாரு. நான் ஒரு ரொட்டி சானாய் வாங்கிக் குடுத்து, அவரு மகளுக்கு எங்க கடையில கல்யாண பிரியாணி பாதி விலைன்னு ஒரு பொய்யையும் சொன்னேன். ரூல்ஸ் கரைஞ்சிருச்சு லா."

"பொய்யா?"

"கல்யாணம் நடந்தா பாத்துக்கலாம். பொண்ணுக்கு இப்பதான் ஆறு வயசு."

போனை நீட்டினான். காமினி பார்த்தாள்.

நேற்று மதியம். இரண்டாம் மாடிக் கூடம். கண்ணாடிப் பெட்டி. அதற்குள் ஒரு தலை. நீலமும் செம்மஞ்சளும் கலந்த, நீள மூக்கு வைத்த இரும்புப் பறவைத் தலை. ஜப்பான் டிவியில் பிள்ளைகளுக்காக வரும் 'இரும்பு மீன்கொத்தி' நாடகத்தின் முகமூடி. பினாங்கில் பாதிப் பிள்ளைகளுக்கு அந்தத் தலையைத் தெரியும். மீதிப் பிள்ளைகள் இன்னும் பிறக்கவில்லை.

படத்தில் அந்தப் பெட்டியை நோக்கி நடந்து வருவதும் ஒரு மீன்கொத்திதான். முழு உடை, முழு முகமூடி, கையுறை, பூட்ஸ். சாவி போட்டுப் பெட்டியைத் திறக்கிறது. உள்ளே இருந்த தலையைப் பைக்குள் போடுகிறது. குனிந்த தலையோடு தடவித் தடவிப் பின்படிக்கட்டுக்குப் போகிறது. அவ்வளவுதான். பிறகு அந்த உடை கீழ்க் கழிவறையில் கழற்றிப் போட்டபடி கிடந்தது. பையும் அதற்குள் போட்ட தலையும் போன இடம் தெரியவில்லை.

மண்டபத்தில் அந்த உடையைப் போட்டு ஆடுகிறவள் ஒருத்திதான். சாந்தினி. ஆகவே திருடியும் சாந்தினிதான். இதுதான் நிகழ்ச்சி நடத்தும் அம்பிகைபாகன் அங்கிளின் துப்பறியும் திறமை.

"சாவி எங்க இருந்துச்சு?" காமினி கேட்டாள்.

"டிரெஸ்ஸிங் ரூம் ஆணியில. துடைப்பக்கட்டைக்குப் பக்கத்துல. துடைப்பக்கட்டைக்குத்தான் காவல் ஜாஸ்தி."

"உடை?"

"ஷோ முடிஞ்சா வேர்வையில ஊறிப் போயிரும்ல? ஃபேனுக்கு முன்னாடி தொங்கவிட்டுக் காய வச்சிருந்தாங்க. சாந்தினி ஸ்டோர் ரூம்ல படுத்துத் தூங்கிட்டா. பாத்த சாட்சி கரப்பான்பூச்சிதான்."

"அப்ப யாரு வேணும்னாலும் மாட்டிட்டுப் போயிருக்கலாம்."

"அதைத்தான் நேத்துல இருந்து சொல்றோம். எவன் கேக்கிறான்?"

எவனும் கேட்கவில்லை. அதுதான் காமினிக்கு நெஞ்சில் எரிந்தது. போலீஸ் ஸ்டேஷனில் "ரிப்போர்ட் வரட்டும் தங்கச்சி, பாப்போம்" என்றார்கள். அம்பிகைபாகன் ரிப்போர்ட் கொடுக்கவில்லை. ஷோ முடிந்த பிறகு கொடுப்பாராம். இன்றைய ஷோவுக்கு மீன்கொத்தி வேண்டுமே! ஆனால் பேஸ்புக்கில் மட்டும் நேற்று இரவே எழுதிவிட்டார்: 'நாங்கள் நம்பி வேலை கொடுத்த உள்ளூர்க் கலைஞர் ஒருவர்...' பெயர் போடவில்லை. படம் போட்டிருந்தார். கெப்பாலா பத்தாஸில் சாந்தினியின் அம்மா காலையில் கோயிலுக்குப் போய், அர்ச்சனைத் தட்டோடு பாதியில் திரும்பி வந்துவிட்டாள்.

*

டிரெஸ்ஸிங் ரூமில் சாந்தினி தரையில் உட்கார்ந்து முழங்காலுக்குத் துணி சுற்றிக்கொண்டிருந்தாள். உயரமான பெண். தோளைப் பார்த்தால் யாரும் வாயைக் கொடுக்கமாட்டார்கள்.

"நீ எதுக்கு இன்னிக்கு ஆடணும்?" என்று காமினி வெடித்தாள். "திருடின்னு சொன்னவனுக்கு ஷோவா? வீட்டுக்குப் போ. மேடையில அவரே தவ்வட்டும்."

"இசோயாமா சான் வராரு அக்கா."

"யாரு?"

"டிவியில மீன்கொத்தி." சாந்தினி நிமிர்ந்தாள். "டிவியில அழகா ஒருத்தன் வந்து பட்டனை அமுக்குவான்ல, உடனே மீன்கொத்தியா மாறுவான்ல? மாறுனதுக்கு அப்புறம் உள்ள இருக்கிறது அவன் இல்ல. இசோயாமா சான். அடி வாங்கறது, கட்டடத்துல இருந்து விழறது, தீயில ஓடறது, எல்லாம் அவரு. மூஞ்சி ஒரு நாளும் வராது. பேரு கடைசியில பொடி எழுத்துல வரும், அதுக்குள்ள விளம்பரம் போட்டுருவான். அவங்கள சூட் ஆக்டர்னு சொல்லுவாங்க. நான் ரெண்டு வருஷம் ஓசாக்காவுல பாத்திரம் கழுவிட்டு அதைத்தான் கத்துக்கிட்டேன்."

"சரி?"

"அவரு டீமுக்கு ஆள் எடுக்கிறாரு. புது நாடகத்துக்கு. இன்னிக்கு நான் ஆடறதைப் பாக்கத்தான் வராரு. ஆடாட்டி முடிஞ்சுச்சு. ஆடிட்டு அப்புறம் போலீஸ் ரிப்போர்ட் போனாலும் முடிஞ்சுச்சு. விசா தரமாட்டான்." துணியை இறுக்கி முடிச்சுப் போட்டாள். "நீங்க இந்தப் பக்கம் எதாச்சும் கண்டுபிடிங்க. நான் அந்தப் பக்கம் விழுந்து எந்திரிக்கிறேன்."

காமினி அவள் முன்னால் சப்பணமிட்டாள். "பெட்டிக்குள்ள இருந்த மாஸ்க்கை நீ பக்கத்துல போய்ப் பாத்திருக்கியா?"

"எங்க பாக்க விட்டாரு? ஸ்டாஃப் யாரும் கிட்ட போகக்கூடாதுன்னு கயிறு கட்டிட்டாரு. டிவியில மூஞ்சியக் கிட்ட காட்டறப்ப மாட்டுன ஒரிஜினல், ஜப்பான்ல இருந்து வந்துச்சுன்னு டிக்கெட்லயே அச்சடிச்சிருக்கில்ல?"

சாதிக் உடனே போனைத் தட்டினான். வெள்ளிக்கிழமை வந்தவர்கள் எல்லாரும் அந்தப் பெட்டிக்கு முன்னால் பல்லைக் காட்டி எடுத்த படம் இன்ஸ்டாகிராமில் கொட்டிக் கிடந்தது. ஒரு படத்தில் ஒரு பையன் கண்ணாடியில் மூக்கை நசுக்கி நின்றான். அவன் தலைக்கு மேல் முகமூடி பளிச்சென்று.

சாந்தினி இரண்டு விரலால் படத்தை விரித்தாள். இன்னும் விரித்தாள். பிறகு கெட்ட வார்த்தை ஒன்று சொன்னாள். மலாய் வார்த்தை, அச்சில் ஏறாது.

"என்னா?"

"கண்ணுக்குக் கீழ பாருங்க. கீறல் மாதிரி ஓட்டை."

"ஆமா."

"அது வழியாத்தான் நாங்க வெளிய பாக்கிறது. சண்டை போடற மாஸ்க்ல மட்டும்தான் அது இருக்கும். டிவியில மூஞ்சியக் கிட்ட காட்டறப்ப வேற மாஸ்க் மாட்டுவாங்க. அதுல ஓட்டையே கிடையாது. அழகா இருக்கணும்ல? உள்ள இருக்கிறவனுக்கு ஒரு மண்ணும் தெரியாது, சிலை மாதிரி நிக்க வேண்டியதுதான். அங்கிள் சொன்னது அந்த மாஸ்க்கு. வச்சிருந்தது இந்த மாஸ்க்கு. நான் மேடைக்கு மாட்டற அதே சரக்கு."

சாதிக் விசிலடித்தான். "அப்ப ஒரிஜினல்னு சொல்லி ஊர் ஜனத்தை வரிசையில நிக்க வச்சு டூப்ளிகேட்டுக்குக் கும்பிடு போட வச்சிருக்காரு."

காமினி எழுந்து நின்றாள். கோபம் போய் மூளை வேலை செய்ய ஆரம்பித்தது. அது எப்போதும் அவளுக்கு இந்த வரிசையில்தான் நடக்கும். "டூப்ளிகேட்டை எவன் திருடுவான்? விக்க முடியாது, வீட்டுல வைக்கவும் அர்த்தம் இல்ல. அது காணாமப் போனா யாருக்கு லாபம்? பத்தடி தள்ளி நின்னே 'இது அது இல்ல'ன்னு சொல்லக்கூடிய ஒரே ஆளு இன்னிக்கு ஏர்போர்ட்ல இறங்குறாரு. அவரு கண்ணுல அது படக்கூடாதுன்னு யாருக்கு அவசரம்?"

மூவரும் ஒரே நேரத்தில் மேலே பார்த்தார்கள். மேல்மாடியில்தான் அம்பிகைபாகன் அங்கிளின் ஆபீஸ்.

*

அம்பிகைபாகனுக்கு வயது ஐம்பத்தைந்து இருக்கும். தொப்பை இல்லை. தினமும் காலையில் ஓடுவார். ஓடியதை மத்தியானம்வரை சொல்வார். தாத்தா காலத்தில் யாழ்ப்பாணத்திலிருந்து ரயில்வே கிளார்க் வேலைக்கு வந்த குடும்பம். அந்தப் பேச்சைத் தேவைப்பட்டபோது மட்டும் எடுத்து உடுத்திக்கொள்வார்.

காமினி சொன்னதைக் கேட்டு அவர் கோபப்படவில்லை. சிரித்தார். அதுதான் மோசம்.

"இஞ்ச பாரும் பிள்ளை. நீர் படிச்ச பிள்ளை. லாஜிக்கா யோசியும். நான் யார்?"

"அதைத்தான் யோசிச்சிட்டு இருக்கேன்."

"நான் ஜப்பான்ல மூண்டு வருஷம் மீன்கொத்தி ஷோவில இருந்தவன். இந்தப் பினாங்கில அந்த உடுப்புக்குள்ள உண்மையா நிண்ட ஒரே ஆம்பிளை நான்தான். பேப்பர்ல எல்லாம் வந்தது. அந்த வீடியோவைப் பார்த்தீரா? குனிஞ்சு, தடவித் தடவி, படி எங்க எண்டு தேடி... அது நான் நடக்கிற நடையா? அனுபவம் உள்ள ஒருத்தன் அப்பிடி நடப்பானா?"

"அப்ப சாந்தினியும் நடக்கமாட்டா. அவளும் அனுபவம் உள்ளவதான்."

 அவர் கையை விசிறினார். "அவ நடிக்கிறாள்."

"நீங்க நடிக்கமாட்டீங்களா?"

"மிஸ் காமினி, எனக்கு கெஸ்ட் வாறார். ஷோ முடியட்டும். பொலிஸ் வந்து எல்லாம் கேக்கும்." ரிவால்விங் நாற்காலியை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார். முதுகைக் காட்டிப் பேசப் பழகிய ஆள்.

வெளியே வந்ததும் காமினி சுவரை ஒரு உதை உதைத்தாள். சுவருக்கு ஒன்றும் ஆகவில்லை.

"அக்கா, கால் நம்மளது. சுவரு கவர்மெண்ட்டோடது."

"அவருதான் சாதிக். எனக்குத் தெரியும். ஆனா 'எனக்குத் தெரியும்'னா எவன் கேப்பான்? அந்த வீடியோவைத் திரும்பப் போடு."

இந்தத் தடவை பின்படிக்கட்டுக் கேமராவில் பதிந்ததை மட்டும் பார்த்தார்கள். மீன்கொத்தி படிக்கட்டின் மேல்முனைக்கு வருகிறது. நிற்கிறது. பாதி உடம்பைப் பின்னால் திருப்புகிறது. வலது கையைப் பின்பக்கம் நீட்டுகிறது, உள்ளங்கை மேல்நோக்கி. கொஞ்சம் நிற்கிறது. பிறகு திடுக்கிட்டதுபோல் கையை இழுத்துக்கொண்டு கீழே இறங்குகிறது.

"போஸ் குடுக்குது" என்றான் சாதிக்.

"திருடும்போது யாருக்கு போஸ்? பின்னால யாரோ இருக்காங்க. அவங்களை வான்னு கூப்பிடுது. கூட்டாளி!"

அந்தக் கூட்டாளியைத் தேடி அரைமணி நேரம் வீணாகப் போனது. ஜெயராஜ் அண்ணன் தாடையைச் சொறிந்துகொண்டே மாடிக் கூடத்துக் கேமராவையும் போட்டுக் காட்டினார். மீன்கொத்திக்குப் பின்னால் யாரும் வரவில்லை. பூனைகூட இல்லை. வெறும் தரை.

"ஆள் இல்லாத இடத்துல கையை நீட்டுது" என்றார் ஜெயராஜ். "நான் அப்பவே சொன்னேன்மா, இந்தக் கட்டடத்துல ஜப்பான்காரன் காலத்துல..."

"அண்ணே, பேய்க்கு எதுக்கு டூப்ளிகேட் மாஸ்க்கு?" என்றான் சாதிக்.

இசோயாமா ஏர்போர்ட்டிலிருந்து வந்துகொண்டிருக்கிறார் என்று மிதுஷா வந்து சொன்னாள். மிதுஷா அம்பிகைபாகனின் அண்ணன் மகள். ஜப்பானிய மொழி படித்தவள். மேடையில் மைக் பிடிப்பதும் அவள்தான். சித்தப்பாவைப் போலில்லாமல், யாரையும் பார்த்து நிமிர்ந்து பேசத் தெரியாத பிள்ளை. "சித்தப்பா மீன்கொத்தியை ரெடியாகச் சொன்னார். எல்லாரும் கீழ வாசலுக்குப் போய் வரவேற்கணுமாம்."

சாந்தினி உடைக்குள் புகுந்தாள். தலையை மாட்டியதும் அவள் போய்விட்டாள். அங்கே நின்றது வேறொன்று. கழுத்து நிமிர்ந்தது, நெஞ்சு விரிந்தது.

"மிதுஷா திரும்பி வரதுக்குள்ள யாராச்சும் என்னைப் பின்படி வரைக்கும் கூட்டிட்டுப் போங்க" என்று உள்ளிருந்து அமுங்கிய குரல் வந்தது. "இந்த ஓட்டையில நேரா இருக்கிறதுதான் தெரியும். கால் தெரியாது. படியில யாராச்சும் கைப்பிடிக்காட்டி சாக வேண்டியதுதான். ஜப்பான்ல இதுக்குன்னே ஒரு ஆளு இருப்பாங்க. கைப்பிடி ஆளு."

"நான் வரேன்" என்றாள் காமினி.

இருவரும் நடந்தார்கள். காமினி முன்னால், மீன்கொத்தி பின்னால். படிக்கட்டு வந்தது. "படி வருது, பாத்து" என்று சொல்லி, நின்று, பாதி திரும்பி, காமினி வலது கையைப் பின்பக்கம் நீட்டினாள்.

உள்ளங்கை மேல்நோக்கி.

கையுறை போட்ட கை வந்து அதில் விழுந்தது. காமினி அசையவில்லை. தன் கையையே, வேறு யாருடைய கையோ போலப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"அக்கா? என்னா ஆச்சு?"

"சாந்தினி, படிக்கட்டு வந்தா நீ கையை எங்க நீட்டுவ?"

"முன்னாலதான். கூட்டிட்டுப் போறவங்க முன்னால தானே இருப்பாங்க."

"பின்னால நீட்டவே மாட்ட?"

"எதுக்கு? உள்ள இருக்கிறவ எதுக்குப் பின்னால நீட்டணும்?"

சாதிக் வாயில் வைத்த கோப்பி உறிஞ்சியை எடுத்தான். "அக்கா... அப்ப அந்த வீடியோவுல..."

"உடைக்குள்ள நிக்கிறவன் கை அது இல்ல சாதிக். உடைக்குள்ள நிக்கிறவனைக் கூட்டிட்டுப் போறவன் கை. உடுப்பை மாட்டிட்டான், பழக்கத்தைக் கழட்ட மறந்துட்டான். படியப் பாத்ததும் கை தன்னால போயிருச்சு."

"இங்க கைப்பிடி ஆளு யாரு? மிதுஷாதானே?"

"நேத்து அந்த நேரத்துல மிதுஷா மேடையில கலர் அடிக்கிற போட்டிக்குப் பரிசு குடுத்துட்டு இருந்தா. மண்டபம் நிறைய சாட்சி. அதோட அவ வெள்ளிக்கிழமைதான் இந்த வேலையை ஆரம்பிச்சா. ரெண்டு நாள்ல கைக்குப் பழக்கம் ஏறாது. வருஷக்கணக்கா செஞ்சவன் கை அது."

"மூணு வருஷம் போதுமா?" என்றான் சாதிக், அவர் சொன்ன மாதிரியே 'மூண்டு' என்று இழுத்து.

காமினி சிரிக்கவில்லை. "மிதுஷாகிட்ட சொல்லு, இப்ப இவ கையை அவ பிடிக்க வேணாம். ஹேண்ட்பேக்கைத் தேடட்டும். எதையாச்சும் தேடட்டும். நீ போனை ஆன் பண்ணி கீழ நில்லு."

*

வாசல் கூடத்தில் பிள்ளைகள் கூட்டம். மேலே படிக்கட்டின் மேல்முனையில் அம்பிகைபாகன், மடிப்புக் கலையாத பாத்திக் சட்டை, காதில் போன். பின்னால் மீன்கொத்தி. கீழே கண்ணாடிக் கதவு திறந்தது. சாம்பல் தலைமுடி, கட்டையான உடம்பு, சாதாரண டீ சட்டை. இசோயாமா. அந்தக் கூட்டத்தில் ஒரு பிள்ளைகூட அவரைத் திரும்பிப் பார்க்கவில்லை. அவர்கள் உயிரை விடும் வீரன் அவர்களுக்கு நடுவில் சூட்கேசை இழுத்துக்கொண்டு வழி கேட்டு வந்தான்.

"ஓகே, ஓகே, கெஸ்ட் வந்திட்டார்" என்று போனில் சொல்லிக்கொண்டே அம்பிகைபாகன் முதல் படியை நெருங்கினார். "மிதுஷா எங்க? மிது..."

மீன்கொத்தி ஒரு அடி முன்னால் வைத்தது. பூட்ஸ் சத்தம் அவர் முதுகுக்குப் பின்னால் கேட்டது.

அம்பிகைபாகன் நின்றார். பாதி திரும்பினார். வலது கை பின்னால் போனது.

உள்ளங்கை மேல்நோக்கி.

மீன்கொத்தி அதில் கையை வைத்தது. அவர் இறங்கினார். அழகாக இறங்கினார், அதை மறுக்கவே முடியாது. ஒரு படி முன்னால், உடம்பு ஒரு பக்கமாக, ஒவ்வொரு படிக்கும் மெல்லிய குரலில் ஜப்பானிய மொழியில் ஒரு சொல். கடைசிப் படியில் குரல் மாறியது; கை சற்று உயர்ந்து, இறங்கி, இதோ தரை என்று சொன்னது. போன் இன்னும் இடது காதில் இருந்தது. தான் என்ன செய்கிறோம் என்று அந்த ஆளுக்குத் தெரியவே இல்லை.

இசோயாமாவுக்குத் தெரிந்தது. சூட்கேசை விட்டார். அது சாய்ந்து விழுந்தது.

"அம்பி-குன்!"

கைகளை விரித்துக்கொண்டு ஓடி வந்தார். வரும்போதே பேச ஆரம்பித்துவிட்டார். மூச்சிரைக்க ஓடி வந்த மிதுஷா மொழிபெயர்த்தாள். சித்தப்பாவின் முகத்தைப் பார்த்தபிறகும், தொடங்கிய வேலையை நிறுத்த அவளுக்குத் தெரியவில்லை.

"இவர் என்ன சொல்றார்னா... இது அவனேதான், அந்தக் கை எனக்கு மறக்காது... மூணு வருஷம் என் கையைப் பிடிச்ச பையன்... இவன் இருந்த வரைக்கும் நான் ஒரு படியிலயும் விழுந்ததில்லை... இவனுக்குப் பிறகு வந்தவன் முதல் வாரமே என் காலை உடைச்சிட்டான்..."

அம்பிகைபாகன் தன் கையைப் பார்த்தார். பிறகு அதைப் பான்ட் பாக்கெட்டுக்குள் போட்டுக்கொண்டார்.

"அங்கிள்" என்றாள் காமினி. குரலை அடக்கப் பெரும்பாடு பட்டாள். "மூணு வருஷம் ஒருத்தரை விழாமக் காப்பாத்தியிருக்கீங்க. அவரு நீங்க இருக்கிற ஊருக்கு வந்ததும் உங்க கையைத்தான் முதல்ல அடையாளம் கண்டுபிடிக்கிறாரு. அதுல என்ன கேவலம்னு உடுப்புக்குள்ள நின்னது நான்தான்னு பேப்பர்ல குடுத்தீங்க?"

"மெதுவாக் கதையும். பிள்ளையள் இருக்கு."

"அதே கைதான் நேத்து வீடியோவுலயும் இருக்கு."

சாதிக் போனை நீட்டினான். ஒரு பாதியில் நேற்றையது, இன்னொரு பாதியில் இப்போது எடுத்தது. நிற்கிறது, நிற்கிறார். திரும்புகிறது, திரும்புகிறார். இசோயாமா எட்டிப் பார்த்தார். சிரிப்பு மெல்ல இறங்கியது. ஒரு கேள்வி கேட்டார், மிதுஷா மொழிபெயர்க்கவில்லை. தேவைப்படவும் இல்லை. அம்பிகைபாகன் அதற்கு ஜப்பானிய மொழியிலேயே, தரையைப் பார்த்து, மிகச் சின்னதாகப் பதில் சொன்னார்.

இதெல்லாம் நடக்கும்போது சாந்தினி எங்கே? அங்கேயேதான். இரண்டடி தள்ளி. பிள்ளைகள் இடுப்பைக் கட்டிக்கொண்டு படம் எடுத்தார்கள். உடைக்குள் இருப்பவள் பிள்ளைகள் முன்னால் வாயைத் திறக்கக்கூடாது. மீன்கொத்திக்கு அவள் குரல் கிடையாது. தன் வாழ்க்கையைப் பற்றி நாலு பேர் பேசிக்கொண்டிருக்க, அவள் ஒவ்வொரு பிள்ளைக்கும் கட்டைவிரலை உயர்த்திக் காட்டிக்கொண்டிருந்தாள்.

*

டிரெஸ்ஸிங் ரூம் கதவை மூடியதும் முகமூடி கழன்றது. உள்ளே இருந்த முகம் வேர்வையில் நனைந்து, கண் சிவந்து, பேசத் தயாராக இருந்தது.

அம்பிகைபாகன் முந்திக்கொண்டார். ஜப்பான்காரர்கள் ஒரிஜினலைத் தருகிறோம் என்று சொல்லிக் கடைசியில் கைவிரித்தார்களாம். டிக்கெட் அதற்குள் அச்சாகிவிட்டதாம். இசோயாமா பார்த்தால் மானம் போகும். அவ்வளவுதானாம். யாருக்கும் கெடுதல் நினைக்கவில்லையாம். "முகமூடி என்ட கார் டிக்கியில இருக்கு. ரிப்போர்ட் குடுக்க இல்லைத்தானே? போஸ்ட்டையும் இப்பவே டிலீட் பண்றன். முடிஞ்சுது. வா பிள்ளை, ஷோவுக்கு நேரமாகுது."

"டிலீட் பண்ணக்கூடாது" என்றாள் சாந்தினி.

"என்ன?"

"டிலீட் பண்ணா என்னைத் திருடின்னு படிச்சவன் எல்லாம் அப்படியே நெனச்சிட்டுப் போயிருவான். அதே போஸ்ட்டுக்குள்ள எழுதுங்க. மாஸ்க்கை எடுத்தது நீங்கன்னு."

"பிள்ளை, என்ட ரெபுடேஷன்..."

"என்னோடது?"

சுவருக்கு அப்பால் பிள்ளைகள் காலால் தரையைத் தட்ட ஆரம்பித்திருந்தார்கள். மீன்-கொத்-தி! மீன்-கொத்-தி! சாந்தினி முகமூடியை மடியில் வைத்துக்கொண்டு நாற்காலியில் சாய்ந்தாள். அந்த ஆளுக்கு அப்போதுதான் கணக்குப் புரிந்தது. ஊரில் அந்தத் தலைக்குள் புக வேறு ஆள் இல்லை.

போனை எடுத்தார். தட்டினார். காட்டினார். 'ஒரு சிறு தவறான புரிதல் காரணமாக...'

"தவறான புரிதல் யாருக்கு?" காமினி கேட்டாள். "எங்களுக்கு ஒண்ணும் தவறாப் புரியலையே."

அழித்தார். மறுபடி தட்டினார். 'அந்தக் கலைஞர் குற்றமற்றவர்...'

"அந்தக் கலைஞருக்குப் பேரு இல்லையா?" இது சாதிக். முதல் தடவையாக அவன் குரலில் கிண்டல் இல்லை.

"போஸ்டர்ல எல்லாம் இவங்க பேர் போடுறதில்லை. அது இந்தத் தொழில்ட முறை..."

"திருடின்னு சொல்றப்ப அந்த முறை எங்க போச்சு? என் மூஞ்சிய போட்டீங்கல்ல?" சாந்தினி எழுந்தாள். "சாந்தினி. சுங்கை டுவாவுல ஃபேக்டரி பஸ் ஓட்டற நாகலிங்கம் மக. மீன்கொத்தி உள்ள ஆடறது அவதான்னு மட்டும் எழுதாதீங்க, பிள்ளைங்க படிச்சிரும். மத்ததெல்லாம் எழுதுங்க."

எழுதினார். தட்டிய ஒவ்வொரு எழுத்துக்கும் தரை அதிர்ந்தது. சாந்தினி முழுவதும் படித்தாள். "போடுங்க" என்றாள். போட்டார். அவள் முகமூடியை மாட்டிக்கொண்டு போய்விட்டாள்.

காமினி ஷோவைப் பார்க்கவில்லை. மேடையின் பக்கத் திரைக்குப் பின்னால் நின்று போனையே பார்த்துக்கொண்டிருந்தாள். நேற்றைய பொய்யை ஊரே பகிர்ந்திருந்தது. இன்றைய உண்மைக்கு முதல் கமெண்ட் வந்தது: 'அங்கிள், டிக்கெட் இன்னும் இருக்கா? பேமிலியோட வரலாமா?' இரண்டாவது கமெண்ட் ஒரு கும்பிடு போடும் கை. அது எதற்கு என்று போட்டவனுக்கே தெரியாது.

"இதுக்காடா இவ்வளவு பாடுபட்டோம்?" என்றாள்.

"அவ அம்மா படிச்சிட்டாங்களாம் அக்கா. மிதுஷா சொன்னா. தெரு முழுக்க வாசிச்சுக் காட்டிட்டு இருக்காங்களாம்."

"தெரு பத்தாது சாதிக்."

மேடையில் மீன்கொத்தி உயரத்திலிருந்து பின்புறமாக விழுந்தது. மண்டபம் மூச்சை நிறுத்தியது. எழுந்தது. கைதட்டலில் கூரை கிழிந்தது.

சாந்தினி திரைக்குப் பின்னால் வந்து தலையைக் கழற்றியபோது இசோயாமா காத்திருந்தார். கைதட்டவில்லை. புன்னகைக்கவும் இல்லை. இடது முழங்காலைக் காட்டி ஏதோ சொன்னார். விழுகிற கோணத்தைக் கையால் காட்டினார். மறுபடி முழங்கால். முகத்தைச் சுளித்தார். பேசிக்கொண்டே போனார். சாந்தினி இடுப்பை வளைத்து வளைத்து "ஹாய், ஹாய்" என்று ஜப்பானிய மொழியில் ஆமாம் போட்டாள்.

காமினிக்குத் தலைக்கேறியது. நாள் முழுக்க அடக்கியது எல்லாம் சேர்ந்து வந்தது. "என்னவாம் அந்த ஆளுக்கு? இவ்வளவு அவமானத்துக்கு அப்புறம் ஒருத்தி வந்து உயிரைக் குடுத்து ஆடியிருக்கா, ஒரு நல்ல வார்த்தை கிடையாதா?"

"இடது முழங்கால் லேட்டாம்" என்றாள் சாந்தினி. "கழுத்துல பயம் தெரியுதாம். விழறதுக்கு முன்னாடி கீழ பாத்துட்டேனாம். மொத்தமா ஏழெட்டு குறை."

"அதுக்கு ஏன் சிரிக்கிற?"

"ஊருக்கு அனுப்பப் போறவங்களை அவரு பாராட்டித்தான் அனுப்புவாரு அக்கா" என்றாள் சாந்தினி. "திருத்திட்டு இருக்காருன்னா, கூட வச்சுக்கப் போறாரு."